மாப்பிள்ளைக்கு ஒரு வெள்ளை ஒயின் கோழி

பீரோவுக்குள் ஏதோ முணுமுணுக்கிற சத்தம் கேட்டது. தேவமணி டீச்சர் கரண்டியும் கையுமாக ஓடிப்போய்க் கதவைத் திறந்தார். சேலைகளுக்கு நடுவில் இரண்டு பாட்டில்கள். ஒன்று சமர்த்தாக நின்றது. இன்னொன்று நுரைத்துக்கொண்டு, மூடி இடுக்கு வழியாக வாடையை விட்டுக்கொண்டிருந்தது.

வாடை என்றால் லேசுப்பட்ட வாடை இல்லை. தெருக்கோடி வரைக்கும் போய் டீச்சரின் மானத்தை வாங்கிவிடுகிற வாடை.

டீச்சரின் மானம் எப்பேர்ப்பட்டது என்று சொல்லிவிட வேண்டும். திருத்தங்கலில் பாதிப் பேருக்கு வாய்ப்பாடு சொல்லிக் கொடுத்தவர். சர்ச் சபையில் பெண்கள் ஐக்கிய சங்கச் செயலாளர். குடியை எதிர்த்து அவர் வருஷா வருஷம் பேசுகிற பேச்சைக் கேட்டால், குடிக்காதவர்கள்கூடத் தலையைக் குனிந்துகொள்வார்கள். அது ஒரு பெருமை. இன்னொரு பெருமை, அவர் கைக் கோழி. அவர் வீட்டில் சாப்பிட்டுவிட்டு வேறு வீட்டுக் கோழியைப் பற்றிப் பேசிய ஆள் கிடையாது.

இருந்தது ஒரே ஆள். பெற்ற மகள் ஸ்வீட்டி. நர்ஸ் வேலைக்குப் பாண்டிச்சேரி போனவள், பிரான்சில் வளர்ந்த தமிழ்ப் பையன் மெர்வினைக் கட்டிக்கொண்டு அந்த ஊருக்கே போய்விட்டாள். ஒருநாள் போனில், "எங்க மாமியார் வெள்ளை ஒயினும் கிரீமும் ஊத்தி ஒரு கோழி செய்வாங்கம்மா. அது மாதிரி நான் எங்கயும் சாப்பிட்டதில்ல" என்று சொல்லிவிட்டாள். பால்குடி மறந்த நாளிலிருந்து டீச்சர் கையால் கோழி தின்ற பிள்ளை. டீச்சருக்கு அன்றைக்குச் சோறு இறங்கவில்லை.

கல்யாணத்துக்குப் பிறகு மகளும் மாப்பிள்ளையும் முதன்முதலாக இன்று மத்தியானம் வருகிறார்கள். அதே கோழியை, அந்த அம்மாளை மிஞ்சுகிற மாதிரி செய்து போடுவது என்று டீச்சர் அப்போதே முடிவு கட்டியிருந்தார். கிரீமுக்குப் பாலாடை சேர்த்தாயிற்று. ஒயினுக்கு எங்கே போவது? கடைப் பக்கம் செயலாளர் தலைகாட்ட முடியாது. செயலாளரின் வீட்டுக்காரர் ராஜசிங்கும் தலைகாட்ட முடியாது. பச்சைத் திராட்சை, சீனி, ஈஸ்ட் எல்லாம் வாங்கி, மதுவிலக்குப் பேசுகிற அதே கையால் டீச்சரே ஊறல் போட்டுவிட்டார்.

வாடையை அடக்க அவருக்கு ஒரே வழிதான் தெரிந்தது. மூடியை இறுக்கினார். போதாதென்று மூடியின் மேல் துணியைச் சுற்றி, கயிறு போட்டுக் கட்டி, பீரோவையும் பூட்டினார். அடுப்படியில் வெங்காயம் பொன்னிறம் ஆகவில்லை. பீரோவுக்குள் டமார் என்று ஒரு சத்தம்.

பக்கத்து வீட்டு முத்துமாரியம்மாள் சுவருக்கு மேலே தலையை நீட்டி, என்ன சத்தம் என்றாள். பட்டாசு என்றார் டீச்சர். வாயில் அதுதான் வந்தது.

பீரோவைத் திறந்தால் பட்டுச்சேலை முதற்கொண்டு ஒயினில் ஊறிக் கிடந்தது. வீடு கள்ளுக்கடையாக மணத்தது. ராஜசிங் பதறிப்போய் ஒரு கட்டு ஊதுபத்தியை மொத்தமாகக் கொளுத்தி வைத்தார். இப்போது கள்ளுக்கடையில் பூஜை போட்ட மாதிரி மணத்தது.

அந்த நேரத்தில் வாசலில் ஒரு பைக் வந்து நின்றது. போலீஸ்காரர் சுந்தரபாண்டி. முத்துமாரிதான் போன் போட்டுவிட்டாள் என்று டீச்சர் நினைத்துக்கொண்டார். ஆனாலும் ஒரு தைரியம். சுந்தரபாண்டி அவரிடம் எட்டாம் வகுப்புப் படித்தவன். அவர் முன்னால் ஒரு வாக்கியத்தையும் முழுசாகச் சொல்லி முடித்தவன் இல்லை.

"டீச்சர், நான் எதுக்கு வந்தேன்னா..."

"நீ எதுக்கு வந்தேன்னு எனக்குத் தெரியும்லே. உக்காரு."

உட்கார்ந்துவிட்டான். டீச்சர் மனசுக்குள் ஒரு கணக்குப் போட்டார். ஒயின் என்று தெரிந்தால் செயலாளர் பதவி போச்சு, பேர் போச்சு. பட்டாசு என்றால் என்ன கெட்டுப்போச்சு? பட்டாசு வைத்திருந்ததற்காகத் தலைகுனிந்த குடும்பம், பட்டாசுத் தொழிலில் பிழைக்கிற இந்த வட்டாரத்திலேயே கிடையாது.

மாப்பிள்ளை வருகிற சந்தோஷத்தில் நம்ம வீட்டு சார் ஒரு வெடியைப் போட்டுப் பார்த்துவிட்டார் என்று டீச்சர் அடித்து விட்டார். வீட்டுக்குள்ளேயா என்று சுந்தரபாண்டி ராஜசிங்கைப் பார்த்தான். ராஜசிங், செய்யாத குற்றத்துக்குச் சிரித்து வைத்தார்.

"நம்பலேன்னா மிச்ச வெடியையும் காட்டுறோம்" என்ற டீச்சர், கணவருக்குக் கண்ணைக் காட்டினார். அவர் பின்வாசல் வழியாக நண்பர் ஒச்சப்பன் வீட்டுக்கு ஓடினார். ஒச்சப்பன் பட்டாசுக் கம்பெனியில் சூப்பர்வைசர். ஒரு பாக்கெட் கேட்டால், மாப்பிள்ளைக்கா என்று ஒரு பெட்டியையே தூக்கிக் கொடுக்கிற மனுஷன். ராஜசிங் போன அவசரத்தில், திரும்பும்போது முன்வாசல் வழியாகவே பெட்டியைத் தோளில் சுமந்துகொண்டு வந்து சேர்ந்தார்.

சுந்தரபாண்டி எழுந்துவிட்டான். "டீச்சர், இம்புட்டையும் வீட்டுல வைக்கக் கூடாது. கேஸாயிரும். அடுப்பு வேற எரியுது." சொல்லிக்கொண்டே பெட்டியைத் தூக்கி முற்றத்தில் வைத்துவிட்டு வந்தவன், பீரோ பக்கம் நின்று மூக்கைச் சுளித்தான். இங்கன என்னமோ புளிச்ச வாடை அடிக்குதே என்றான்.

இட்லி மாவு என்று சொல்லிவிட்டு டீச்சர் அடுப்படிக்குள் நுழைந்தார். வெடிக்காமல் மிச்சமிருந்த பாட்டிலை முன்பே பீரோவிலிருந்து எடுத்து மடியில் செருகியிருந்தார். ஒளித்து வைக்கப் பாதுகாப்பான இடம் ஒன்றுதான் இருந்தது. ஒரு டம்ளர் ஊற்ற வேண்டிய கோழியில் பாட்டிலையே கவிழ்த்துவிட்டார். தட்டைப் போட்டு மூடி, சின்னத் தீயில் வேகவிட்டு, ஒயின் கொஞ்சம் சுண்டியதும் பாலாடையை ஊற்றிக் கிளறினார். மணம் எழும்பியது. முப்பது வருஷமாகக் கோழி சமைத்தவருக்கே வாயில் எச்சில் ஊறியது. பயத்துக்கு நடுவிலும், அந்தப் பிரான்ஸ் அம்மாளை நினைத்து ஒரு சிரிப்பு வந்தது.

மகளும் மாப்பிள்ளையும் வந்து இறங்கினார்கள். போலீஸ்காரனைச் சும்மா அனுப்பினால் முற்றத்துப் பெட்டியைக் கேஸாக்கிவிடுவான் என்று, அவனுக்கும் ஒரு இலை போட்டார் டீச்சர்.

மெர்வின் முதல் துண்டை வாயில் வைத்துவிட்டுக் கண்ணை மூடினான். "அத்தை, இதுல வெள்ளை..."

"வெள்ளைப்பூண்டு நிறைய போட்டிருக்கேன் மாப்பிள்ளை. சாப்பிடுங்க" என்று இன்னொரு துண்டை வைத்து அவன் வாயை அடைத்தார்.

அவன் அதையும் தின்றான். பிறகு குரலைத் தாழ்த்தி, "எங்கம்மாகிட்ட சொல்லிராதீங்க. அவங்க செய்யுறதைவிட இது நல்லா இருக்கு" என்றான். ஸ்வீட்டி மறுத்துப் பேசாமல் எலும்பைக் கடித்துக்கொண்டிருந்தாள். டீச்சருக்குத் தலை கால் புரியவில்லை. பிரான்ஸே திருத்தங்கலுக்கு வந்து தோற்றுப் போய்விட்டது. இனி கேஸ் வந்தால் வரட்டும் என்று நிமிர்ந்து நின்றார்.

சுந்தரபாண்டி மூன்றாம் தடவை வாங்கிய குழம்பையும் வழித்து நக்கிவிட்டு நிமிர்ந்தான்.

"வெடிச்சத்தம் எதையும் நான் கேக்கல டீச்சர். இப்பவாவது வந்த சோலியைச் சொல்லிர்றேன். திங்கக்கிழமை மதுவிலக்கு ஊர்வலம். ஒயின் வாடை அறியாத வீடு இந்த ஊர்ல உங்க வீடு ஒண்ணுதானாம், நீங்கதான் கொடி பிடிச்சு முன்னால நடக்கணும்னு இன்ஸ்பெக்டர் ஐயா சொல்லிவிட்டாக. இன்னும் ரெண்டு கரண்டி குழம்பு ஊத்துங்க டீச்சர், தலை ஒரு மாதிரி கிறுகிறுன்னு சொகமா இருக்கு."