குளியலறை வரை சொந்த வீடு

"எட்டு வருஷம் கட்டியும் குளியலறையைத் தாண்டலையே!"

சமையலறைத் தரையில் மண்டியிட்டிருந்த தையற்காரர் போட்ட கூச்சலில், அவர் உதட்டில் கவ்வியிருந்த குண்டூசி எகிறி எங்கோ விழுந்தது. கழுத்தில் அளவு நாடா. கையில் துணியில் கோடு போடும் நீலச் சாக்கட்டி.

கூடத்திலிருந்து மனைவி எட்டிப் பார்த்தாள். "யாரு உள்ள மாட்டிக்கிட்டாங்க?"

"நாமதான் மாட்டிக்கிட்டோம். மொத்தக் குடும்பமும்!"

எல்லாவற்றுக்கும் காரணம் மகள். பள்ளியில் கூட்டு வட்டி நடத்துகிறார்களாம். புத்தகத்தில் இருக்கும் கணக்கு போரடிக்கிறது, நம் வீட்டுக் கடனையே போட்டுப் பார்க்கலாம் என்று கடன் தொகையையும் வட்டியையும் வருஷத்தையும் அப்பாவிடம் கேட்டு வாங்கினாள். போட்டும் பார்த்துவிட்டாள்.

அதுவரை தையற்காரருக்குக் கடன் என்பது மாதம் பிறந்தால் கட்டவேண்டிய தவணை, அவ்வளவுதான். வங்கியிலிருந்து வரும் கடிதங்களை அவர் பிரித்ததே இல்லை. உறையைப் பார்த்தாலே பயம். ஆனால் நல்ல கெட்டிக் காகிதம், வீணாக்க மனம் வராது. உறையோடு சேர்த்து, சட்டைக் காலர் வெட்டுவதற்கான அளவுக் காகிதமாகக் கத்தரித்து ஆணியில் மாட்டிவிடுவார். அந்த வட்டாரத்தில் பாதிப் பேர் கழுத்தைச் சுற்றி இருப்பது அந்த வங்கியின் கடித அளவுதான்.

"இன்னொரு தடவை நிதானமாச் சொல்லும்மா," என்றார் மகளிடம்.

"இருபத்தஞ்சு வருஷம் முடியும்போது, வாங்கின கடனைப் போல ரெண்டரை மடங்கு கட்டியிருப்போம்ப்பா."

"ரெண்டரை வீட்டுக்குக் காசு, குடியிருக்க ஒரு வீடு! ஒரு சட்டைக்கு ரெண்டரை சட்டைத் துணி கேட்டா என்னைச் சும்மா விடுவாங்களா?"

"இன்னும் இருக்கு. நாம கட்டற தவணையில, மீதிக் கடனுக்கான வட்டியை முதல்ல எடுத்துக்குவாங்க. மிச்சம்தான் அசல்ல கழியும். ஆரம்பத்துல கடன் பெரிசு, அதனால வட்டியும் பெரிசு. இந்த எட்டு வருஷத்துல அசல்ல எட்டுல ஒரு பங்கு கழிஞ்சிருந்தாலே அதிகம்."

வேறு யாராவது என்றால் ஒரு பெருமூச்சு விட்டுவிட்டுப் போயிருப்பார்கள். தையற்காரர் நாடாவை எடுத்தார். அளந்து பார்க்காத எதையும் அவர் நம்புவதில்லை.

கையிலிருந்து கொடுத்த முன்பணத்துக்கு முன்வராந்தாவைக் கழித்துக்கொண்டார். மீதி வீட்டைப் பின்சுவரிலிருந்து அளந்துகொண்டே வந்தார். குளியலறை முடிந்தது. சமையலறைக்குள் இரண்டடி நுழைந்ததுமே எட்டில் ஒரு பங்கு தீர்ந்துவிட்டது. அங்கே ஒரு கோடு கிழித்தார். துணியில் போடுவது போலவே, பிசிறில்லாத நேர்கோடு.

"இந்தப் பக்கம் நம்மது. அந்தப் பக்கம் எல்லாம் பாங்கோடது," என்றார்.

மனைவி கோட்டைப் பார்த்தாள். "அப்ப அடுப்பு?"

"பாங்கோட இடத்துல இருக்கு."

"கூடம்? படுக்கிற அறை?"

"பாங்கோடது."

"நல்லதாப் போச்சு." அவள் கையிலிருந்த துடைப்பத்தைச் சுவரில் சாய்த்துவிட்டு உட்கார்ந்தாள். "அடுத்தவங்க வீட்டை நான் எதுக்குக் கூட்டணும்? அடுத்தவங்க இடத்துல நின்னு எதுக்குச் சமைக்கணும்? அந்த மேனேஜரையே வரச் சொல்லுங்க. உப்பு மேல் தட்டுல இருக்குன்னு மறக்காமச் சொல்லிடுங்க."

அவள் கேலிக்குத்தான் சொன்னாள். ஆனால் தையற்காரர் கடவுளுக்குப் பயந்தவர். வாடிக்கையாளர் துணியில் ஒரு சாண் மிஞ்சினாலும் மடித்துத் திருப்பிக் கொடுப்பார். கைக்குட்டைக்குக்கூடத் தேறாத துண்டுகள் மட்டும்தான் அவர் மிஷினுக்குக் கீழே விழும். அப்படிப்பட்டவருக்கு, எட்டு வருஷமாக அடுத்தவர் கூடத்தில் ஓசியாக மின்விசிறி சுற்றவிட்டிருக்கிறோம் என்பது முள்ளாகக் குத்தியது.

அன்று சாயங்காலமே வீடு இடம் மாறியது. அடுப்பு குளியலறைக் கதவை ஒட்டி வந்தது. தையல் மிஷின் கூடத்திலிருந்து வராந்தாவுக்குப் போனது. வராந்தா முன்னால், குளியலறை பின்னால், நடுவில் முழுக்க வங்கி. ஆகவே குளிக்கப் போக வேண்டுமானால் தெருவில் இறங்கி, வீட்டைச் சுற்றி, பின்கதவு வழியாகப் போகவேண்டும் என்று தையற்காரர் சட்டம் போட்டார். அவரைத் தவிர யாரும் அதை மதிக்கவில்லை. தோளில் துண்டும் தலைக்கு மேல் குடையுமாக அவர் தினமும் வீட்டை வலம் வந்தார்.

தையற்காரரின் மாமியாரும் அந்த வீட்டில்தான் இருந்தார். சமையலறையை ஒட்டிய சின்ன அறையில் இருந்துகொண்டு, வழக்கம்போல மிஷின் அடியில் விழும் வெட்டுத்துணிகளை மடியில் பொறுக்கிக்கொண்டு போனார்.

"அத்தை, இந்தத் துண்டுகளை வச்சு என்னதான் பண்றீங்க?"

"சும்மா, பொழுது போகணுமே மாப்பிள்ளை."

மாதம் பிறந்ததும் பஸ்ஸுக்குச் சில்லறை கேட்பார். ஒரு பெரிய பையைத் தூக்கிக்கொண்டு கிளம்பினால் மத்தியானம் கழித்துத்தான் வருவார். தையற்காரர் அதற்கு 'மாதாந்திரச் சுற்றுலா' என்று பெயர் வைத்திருந்தார். சில்லறையை எண்ணிக் கொடுக்கும்போது கொஞ்சம் முகம் சுளிப்பார். அந்த அம்மா அதைக் கவனித்ததாகக் காட்டிக்கொள்ள மாட்டார். சில பேருக்கு ஆண்டவன் அப்படி ஒரு நல்ல மறதியைக் கொடுத்திருக்கிறான்.

வீடு இடம் மாறிய மறுநாள் தலைமை ஆசிரியர் ஒருவர் முழுக்கால்சட்டை போட்டுப் பார்க்க வந்தார்.

"எங்கய்யா மாத்திக்கிறது?"

"குளியலறையில சார். இப்படித் தெருவழியாச் சுத்தி வாங்க."

"நேராப் போனா என்ன?"

"அது பாங்க் இடம் சார்."

தலைமை ஆசிரியருக்கு ஒன்றும் புரியவில்லை. இருந்தாலும் சுற்றிப் போனார். குளியலறைக் கதவைத் திறந்ததும் பக்கத்திலேயே அடுப்பு. மாற்றிக்கொள்ளும் அவசரத்தில் புதுக் கால்சட்டையைக் கதவின் மேல் போட்டார். கதவு ஆடியது. கால்சட்டையின் ஒரு கால் நேராக அடுப்புக்குப் போனது.

தையற்காரர் பதறிப்போய்க் கருகின பாகத்தை வெட்டினார். அந்தக் கால் குட்டையாகிவிட்டது. மற்றதையும் வெட்டினார். பதற்றத்தில் அது இதைவிடக் குட்டையாகிவிட்டது. சமன் செய்துகொண்டே போனதில் கடைசியில் முழங்கால் தெரிந்தது.

"யோவ், நான் ஹெட்மாஸ்டர்யா! விளையாட்டு வாத்தியார் இல்ல!"

துணிக்கும் மனவேதனைக்கும் சேர்த்து நஷ்டஈடு கொடுத்து அனுப்ப வேண்டியிருந்தது.

அடுத்த நாள் மழை பிடித்துக்கொண்டது. வராந்தாவில் சாரல் அடித்து, தைத்து வைத்த நாலு சட்டைகள் நனைந்தன. கூடத்தில் கூரை ஒழுக ஆரம்பித்தது. மனைவி வாளியை எடுத்தாள்.

"வைக்காதே! அது பாங்கோட ஒழுகல்."

"ஏங்க, பாங்கோட ஒழுகல் நம்ம பீரோ மேல விழுதுங்க!"

"பீரோவை இந்தப் பக்கம் நகர்த்து."

"எங்க? அடுப்பு மேலயா?"

தையற்காரர் உட்கார்ந்து வங்கிக்கு ஒரு கடிதம் எழுதினார். 'மதிப்பிற்குரிய பங்காளிக்கு' என்று ஆரம்பித்தது. தங்கள் பங்கில் மழை ஒழுகுகிறது, அது எங்கள் பங்குக்குள் பரவுமுன் ஆள் அனுப்பிச் சரிசெய்யவும், அப்படியே தங்கள் பங்கைக் கூட்டிப் பெருக்கவும் ஏற்பாடு செய்யவும் என்று முடிந்தது.

கடிதம் போய்விட்டது. ஆனால் கையில் காசு கரைந்துகொண்டிருந்தது. இரண்டரை வீடு கண்முன் நின்று பயமுறுத்தியது. அந்த நேரம் பார்த்துத்தான் முனையில் இருக்கும் டயர் கடைக்காரர் வந்து, பழைய டயர்களைப் போட்டுவைக்க ஒரு அறை வாடகைக்குக் கிடைக்குமா என்று கேட்டார். தையற்காரரின் கண் மாமியாரின் அறைப் பக்கம் போனது.

"பாங்கோட இடத்தை உள்வாடகைக்கு விடறது மட்டும் நியாயமா?" என்றாள் மனைவி.

"வாடகையைப் பாங்குக்கேதானே கட்டப்போறேன்!"

"எங்கம்மா எங்க போவாங்க?"

"உன் தம்பி வீட்டுக்குப் போய் இருக்கட்டும்."

"அவன் இருக்கிறது நாலாவது மாடிங்க. லிஃப்ட் கிடையாது. அம்மாவோட முழங்காலுக்கு ஒரு தடவை ஏறினா அப்புறம் இறங்கவே முடியாது." அவள் குரல் உடைந்தது. "எங்கம்மா இருந்த இடத்துல டயரா?"

"டயர் ஃபேன் போடாது. பஸ்ஸுக்குச் சில்லறை கேக்காது."

சொல்லி முடித்ததும் நாக்கைக் கடித்துக்கொண்டார். அறைக் கதவு திறந்தே இருந்தது. உள்ளே மாமியார் ஊசியில் நூல் கோத்துக்கொண்டிருந்தார்.

"சரிதான் மாப்பிள்ளை," என்றார் தலை நிமிராமல். "வீடு முக்கியம். என் சாமான் ஒரு பெட்டிதான். ஒண்ணாந்தேதி ஒரு சின்ன வேலை இருக்கு. அதை முடிச்சுட்டு அப்படியே பஸ் ஏறிடறேன்."

மகள் அப்பாவிடம் பேசுவதை நிறுத்திக்கொண்டாள். கூட்டு வட்டிப் பாடத்தையே புத்தகத்திலிருந்து கிழித்துவிடலாமா என்று இருந்தது அவளுக்கு.

ஒன்றாம் தேதி காலை. வாசலில் டயர் வண்டி வந்து நின்றது. உள்ளே பெட்டி மூடும் சத்தம். தையற்காரர் வராந்தாவில் மிஷினை மிதித்துக்கொண்டிருந்தார். ஊசியில் நூலே இல்லை என்பது அவருக்குத் தெரியவில்லை.

டயர் வண்டிக்குப் பின்னால் ஒரு ஸ்கூட்டர் வந்து நின்றது. கழுத்தில் அடையாள அட்டை தொங்க ஒருவர் இறங்கினார். கையில் தையற்காரரின் கடிதம்.

"பாங்க் மேனேஜர். பங்காளின்னு எழுதியிருந்தீங்களே, அது நான்தான்," என்றார் சிரிப்பை அடக்கிக்கொண்டு. "என் சர்வீஸ்ல கூரை ஒழுகலுக்கு எங்களைக் கூப்பிட்டது நீங்க ஒருத்தர்தான். வீடு உங்க பேர்ல இருக்கு சார், ஒழுகலும் உங்களுதுதான். எங்களுக்கு அது அடமானம் மட்டும்தான்."

"பேர்ல இருந்தா போதுமா? காசுல இல்லையே! வாங்க, வந்து பாருங்க. உங்க பங்கைப் பைசா குறையாம அளந்து வச்சிருக்கேன்."

மேனேஜர் கூடத்தையும் ஒழுகும் கூரையையும் கடந்து சமையலறைக் கோட்டுக்கு வந்தார். சட்டைப் பையிலிருந்து ஒரு காகிதத்தை எடுத்துப் பார்த்தார். பிறகு கோட்டைப் பார்த்தார்.

"அளவு தப்பு சார்."

தையற்காரருக்கு ரோஷம் பொத்துக்கொண்டு வந்தது. "முப்பது வருஷமா அளக்கிறேன். ஒரு நூல் பிசகினதில்லை!"

"நாடா தப்பில்லை. கணக்குத்தான் தப்பு. சாக்கட்டியைக் கொடுங்க."

மேனேஜர் காலால் பழைய கோட்டை அழித்தார். சமையலறையைத் தாண்டினார். மாமியாரின் அறையைத் தாண்டினார். கூடத்தின் நடுவில், ஒழுகல் சொட்டும் இடத்துக்கும் அந்தப் பக்கம் போய், குனிந்து ஒரு கோணல் கோடு போட்டார்.

"இதுவரைக்கும் உங்களுது."

மனைவி வாயைப் பொத்திக்கொண்டாள். மகள் ஓடிவந்தாள். "எப்படி சார்? நான் ரெண்டு தடவை போட்டுப் பார்த்தேனே?"

"தவணை மட்டும்னா நீ போட்ட கணக்கு சரிம்மா. ஆனா முதல் மாசத்துலேர்ந்து, தவணைக்கு மேல அசலுக்குன்னு தனியா ஒரு தொகை வந்துக்கிட்டே இருக்கு. அசல் குறைஞ்சா வட்டி குறையும். வட்டி குறைஞ்சா, அடுத்த தவணையில அசல் இன்னும் கூடக் கழியும். இப்படியே போனா அஞ்சு வருஷத்துல கடன் முடிஞ்சிடும். ரெண்டரை மடங்கு ஆக வேண்டியது ஒண்ணேமுக்காலோட நின்னுடும். மாசாமாசம் லெட்டர் அனுப்பறோமே சார், பார்க்கலையா?"

தையற்காரர் ஆணியில் தொங்கிய காகிதக் காலர்களைப் பார்த்தார். பிறகு தலையைப் பலமாக ஆட்டினார்.

"இல்ல சார், இது யாரோ பாவம், நம்பர் மாத்திக் கட்டிட்டாங்க. அடுத்தவங்க காசு எனக்கு வேண்டாம். கோட்டை அழிச்சிடுங்க. அந்தப் புண்ணியவான் யாருன்னு பார்த்துத் திருப்பிக் கொடுத்திடுங்க."

"நம்பர் மாறலை சார். கட்டறது உங்க வீட்டு ஆள்னுதான் நான் நினைச்சிட்டிருந்தேன்."

"எங்க வீட்டுல சம்பாதிக்கிறது நான் ஒருத்தன்தானே?"

அப்போது சின்ன அறைக் கதவு திறந்தது. மாமியார் ஒரு கையில் தகரப் பெட்டியும், மறு கையில் நூறு நிற வெட்டுத்துணிகளை ஒட்டுப்போட்டுக் கையால் தைத்த கனமான பையுமாக வெளியே வந்தார். உள்ளே ஏதோ கலகலத்தது. அவர் தோளில், விற்பதற்கு மடித்து வைத்த அதே மாதிரி பைகள் ஒரு கட்டு தொங்கியது.

மேனேஜர் சட்டென்று நிமிர்ந்து கை கூப்பினார்.

"அம்மா, உங்களைப் பத்தித்தான் பேசிக்கிட்டிருந்தோம். தயவுசெஞ்சு இந்த மாசமாவது சில்லறையை நோட்டா மாத்திக் கொண்டுவாங்க. போன மாசம் உங்க பையை எண்ணி முடிக்கிறதுக்குள்ள எங்க கேஷியர் மயங்கியே விழுந்துட்டாரு!"