உம்பாய்ச் சோறும் சார்ஜன் விரித்த குடையும்

சிம்பாங் அம்பாட்,
14-7-1954

சுங்கை ரம்பாயில் மளிகைக்கடை நடத்தி நாலு பேர் மெச்ச வாழ்ந்துவரும் மச்சான் பிச்சைமுத்து அவர்களின் சமூகத்துக்கு, தங்கள் தங்கை வீட்டுக்காரன் தங்கராஜு வணக்கத்துடன் எழுதிக்கொண்டது. இங்கு நானும் மீனம்மாவும் நலம். அங்கு தாங்களும் வீட்டாரும் நலமாக இருக்க மாரியாத்தா துணை நிற்பாளாக.

நலம் என்பதை இந்தத் தடவை வழக்கத்துக்காக எழுதவில்லை. ‘மீனம்மா லாக்கப்பில் உண்மையா’ என்று நேற்றுத் தந்தி அடித்திருந்தீர்கள். அதனால் அழுத்தி எழுதுகிறேன். உண்மை இல்லை. இதோ, நான் எழுதிக்கொண்டிருக்கும்போதே அவள் அடுப்படியில் கருவாடு சுட்டுக்கொண்டிருக்கிறாள். போலீஸ் ஜீப்பில் ஏறிப் போனது மட்டும் உண்மை. துப்பாக்கிக்காரர்கள் கூடப் போனதும் உண்மை. நான் இரண்டு கைகளையும் மேலே தூக்கியபடி புதரிலிருந்து வெளியே வந்தேன் என்று யாராவது சொல்லியிருந்தால், அதுவும் உண்மைதான். ஆனால் வக்கீல் குமாஸ்தாவைக் கூட்டிக்கொண்டு தாங்கள் பஸ் ஏறி வர வேண்டியதில்லை. எல்லாம் நல்லபடியாக முடிந்துவிட்டது.

வினை யூனுஸ் பாயிடமிருந்து தொடங்கியது. மலாக்கா டவுனில் துணிக்கடை வைத்திருக்கிறாரே, அவர்தான். கரையோரமெல்லாம் ‘வெள்ளைப் பகுதி’ ஆகிவிட்டது, அங்கே கட்டுப்பாடு இல்லை, சோற்றுப் பொட்டலத்தோடு எங்கே வேண்டுமானாலும் போகலாம் என்று ஆனதும் அவருக்குத் துணி வியாபாரம் பிடிக்காமல் போய்விட்டது. ஒரு பஸ்ஸை வாடகைக்குப் பிடித்து, வாயில் வைத்துப் பேசும் ஒரு தகரக் குழலைக் கையில் எடுத்துக்கொண்டு, ‘சலவைக்கல் மலை காண்பீர், உம்பாய் உணவு உண்பீர்’ என்று எங்கள் பக்கத்துக் காப்பிக்கடைகளிலெல்லாம் நோட்டீஸ் ஒட்டினார். நாங்கள் இன்னும் முள்வேலிக்குள்தான் இருக்கிறோம் என்பது தங்களுக்குத் தெரியும். வேலைக்குப் போகிறவன்கூட ஒரு பிடி சோறு கொண்டுபோக முடியாது. காட்டில் துப்பாக்கியோடு ஒளிந்திருக்கும் கம்யூனிஸ்டுகளுக்குப் போய்ச் சேர்ந்துவிடுமாம். இப்படியிருக்க, மீனம்மா அந்த நோட்டீசைக் கிழித்துக்கொண்டு வந்து என் முன்னால் வைத்து, “நாமளும் போவோமா?” என்று கேட்டாள். பையன் காளிதாஸ் போனதிலிருந்து கோயிலுக்குக்கூட நான்தான் அவளை இழுத்துக்கொண்டு போகவேண்டும். அப்படிப்பட்டவள் தானாகவே கேட்டதும், உம்பாய்க் கடலோரத்து மீனுக்கு ஆசைப்படுகிறாள் என்று நினைத்துச் சரி என்றேன். அவள் ஆசைப்பட்டது கல்லுக்கு. தங்கள் மருமகனைத் தோட்டத்துப் பழைய டிவிஷனில், ரப்பர் மரங்களுக்கு நடுவே இருக்கும் சுடுகாட்டில் புதைத்தோமே, அங்கே பேர் எழுதி நட்ட பலகையைச் செல் அரித்துவிட்டது. சலவைக்கல்லில் பேர் வெட்டி வைத்தால் அரிக்காது என்று எந்தப் புண்ணியவதியோ சொல்லியிருக்கிறாள்.

ஞாயிற்றுக்கிழமை கிளம்பினோம். நான் வெள்ளை வேட்டி, வெள்ளைச் சட்டை, கறுப்புக் குடையோடு முன் சீட்டில் உட்கார்ந்தேன். எஸ்டேட் ஆபீசில் முப்பது வருஷம் கிராணியாக இருந்தவனுக்கு அந்த மரியாதையாவது கிடைக்க வேண்டாமா? ஆனால் முன் சீட்டுக்கு நேர் மேலேதான் யூனுஸ் பாயின் தகரக் குழல் இருந்தது. “வலது பக்கம் பாருங்க, ரப்பர் மரம்” என்றார். வாழ்நாள் முழுக்க ரப்பர் மரத்தைத் தவிர வேறொன்றும் பார்க்காத ஜனங்கள் அத்தனை பேரும் எழுந்து நின்று பார்த்தார்கள்.

கல்மலை வாசலில் துப்பாக்கியோடு காவல். உள்ளே வெடிமருந்து இருக்கிறதே. சோதனை முடிந்து உள்ளே போனால், மலையைப் பாதியாக அரிந்து வைத்த மாதிரி ஒரு பெரிய பள்ளம். பெண்கள் தலையில் துணியைக் கட்டிக்கொண்டு சம்மட்டியால் ஜல்லி உடைத்துக்கொண்டிருந்தார்கள். எல்லாம் ஒரே வெள்ளை. மீனம்மா குனிந்து ஒரு கல்லை எடுத்து முந்தானையால் துடைத்தாள். உள்ளே சாம்பல் நிறம். அங்கே ஆட்களை மேய்க்கும் மண்டோர் பெரியதம்பி என்பவர் பார்த்துவிட்டு, “அது தூளும்மா. இது கருங்கல்லு மலை. சலவைக்கல்லு வேணும்னா ஈப்போ பக்கம் போவணும்” என்றார். நான் யூனுஸ் பாயைப் பார்த்தேன். அவர் குழலைக் கீழே இறக்கி, “கல்லு கல்லுதானே கிராணி ஐயா? தூரத்துலேர்ந்து பாத்தா வெள்ளையாத்தானே லா இருக்கு” என்றார்.

அந்தப் பெரியதம்பி முன்பு ஈப்போவில் சலவைக்கல் வெட்டியவராம். அங்கே கல்லை உடைக்க வெடி வைக்கமாட்டார்கள், கம்பியை இழுத்து, மணலும் தண்ணீரும் விட்டு, மெதுவாக அறுப்பார்கள் என்று சொன்னார். “வெடி வச்சா என்ன?” என்று மீனம்மா கேட்டாள்.

“உள்ளுக்குள்ள விரிசல் விட்டுரும்மா.”

“வெளிய பாத்தா தெரியுமா?”

“தெரியாது. முழுசாத்தான் இருக்கும். அப்புறம் கை வைக்கறப்பதான் தெரியும்.”

அதற்குள் சங்கு ஊதி, மேலே வெடி வெடித்தது. மச்சான், அங்கே வேலை செய்கிறவர்கள் தலையைக்கூடத் திருப்பவில்லை. எங்கள் பஸ் ஆட்கள் அத்தனை பேரும் தரையில் குப்புற விழுந்துவிட்டார்கள். யாரும் யோசித்து விழவில்லை. இத்தனை வருஷப் பழக்கம் எங்களைத் தள்ளிவிட்டது. நான் பஸ்ஸுக்கு அடியில் இருந்தேன். எப்படி அங்கே போனேன் என்று தெரியவில்லை. அங்கிருந்து பார்த்தால் இரண்டு கால்கள் மட்டும் நின்றுகொண்டிருந்தன. மீனம்மாவின் கால்கள். வெளியே வந்து, “ஏன் குனியல?” என்று கேட்டேன். “என்னத்துக்கு?” என்றாள். சட்டையில் ஒட்டியிருந்த எண்ணெயைத் துடைத்துக்கொண்டே அதை யோசித்தேன். இன்னும் யோசித்துக்கொண்டிருக்கிறேன்.

ஜல்லி உடைக்கும் பெண்கள் அவளை நிழலில் உட்காரவைத்து, அவித்த மரவள்ளிக்கிழங்கும் மிளகாய்ச் சம்பலும் கொடுத்தார்கள். அவர்களிடம் அவள் காளிதாஸைப் பற்றிப் பேசியிருக்கிறாள். லாரியில் நின்றுகொண்டு போனதையும், ரோட்டில் சுட்டதையும், சுட்டது யார் என்று இன்றுவரை எந்தப் பக்கமும் சொல்லாததையும் பேசியிருக்கிறாள். என்னிடம் பேசாததை முன்பின் தெரியாதவர்களிடம் பேசியிருக்கிறாள். எனக்குக் கொஞ்சம் வருத்தந்தான். ஆனால் கிழங்கை மிச்சம் வைக்காமல் தின்றாள்.

பிறகு உம்பாய். கடலோரம் கைருதீன் என்பவரின் தட்டிக்கடை. வாழையிலையில் சுட்ட மீன், புளிப்பும் காரமுமாக அசாம் பெடாஸ் மீன்குழம்பு, நெத்திலிச் சம்பலோடு தேங்காய்ப்பாலில் வெந்த நாசி லெமாக் சோறு. யூனுஸ் பாய் குழலில் ஒவ்வொன்றுக்கும் விளக்கம் சொன்னார். விளக்கம் முடிவதற்குள் ஜனங்கள் இரண்டாவது தட்டுக்குப் போய்விட்டார்கள். வேலிக்குள் அளந்து போட்ட அரிசியில் வாழ்கிறவர்களை இப்படி அவிழ்த்துவிட்டால் என்ன ஆகும்? மற்றவர்களுக்கு என்ன ஆனதோ, எனக்கு அசாம் பெடாஸ் ஆகவில்லை. திரும்பும் வழியில் வெள்ளைப் பகுதி முடிகிற இடத்தில் போலீஸ் பஸ்ஸை நிறுத்தியபோது, அவர்கள் சோதனை செய்வதற்கு முன்பே நான் பின்வாசல் வழியாக இறங்கிப் புதருக்குள் போய்விட்டேன். இந்த விஷயத்தை வீட்டாரிடம் படித்துக்காட்டும்போது விட்டுவிடவும்.

நான் அங்கே இருந்த நேரத்தில் மலாய்க்கார சார்ஜன் பஸ்ஸுக்குள் ஏறி, மீனம்மா மடியில் வைத்திருந்த என் குடையை வாங்கி விரித்திருக்கிறார். குடைக்குள்ளிருந்து நாசி லெமாக் பொட்டலங்கள் அவர் பூட்சின்மேல் விழுந்தன. வெள்ளைப் பகுதியிலிருந்து எங்கள் பக்கத்துக்குச் சோறு கொண்டுவந்தால் ஜெயில் என்பது அவளுக்குத் தெரியாததல்ல. சார்ஜனுக்குத் தமிழ் தெரியாது. கூட இருந்த கான்ஸ்டபிள் தம்புசாமிதான் மொழிபெயர்ப்பு.

“யாருக்கும்மா இந்தச் சோறு?”

“எம் மவனுக்கு.”

“மவன் எங்க இருக்கான்?”

“அங்கதான், காட்டுக்குள்ள.”

நம் ஜனங்களுக்கு ரப்பர் தோட்டமும் காடுதான், பெருங்காடும் காடுதான். தம்புசாமிக்கு இது தெரியும். ஆனால் துப்பாக்கி பிடித்தவர்களுக்கு நடுவில் நிற்கும்போது எந்தக் காடு என்று கேட்கத் தோன்றவில்லை போலும். மலாயில் ‘ஹுத்தான்’ என்று சொல்லிவிட்டார். பெருங்காட்டுக்குள் மகன், அவனுக்குச் சோறு கொண்டுபோகும் தாய். எல்லாத் துப்பாக்கியும் நிமிர்ந்த அந்தச் சமயத்தில்தான் புதர் அசைந்தது. “கைய தூக்கு” என்று மூன்று பாஷையில் சத்தம் கேட்டது. தூக்கினேன். தூக்கியதால் வேட்டியைப் பிடிக்க முடியவில்லை. “இது யாரு?” என்று கேட்டார்கள். மீனம்மா ஜன்னல் வழியாக எட்டிப் பார்த்து, நிதானமாக, “அவனோட அப்பா” என்றாள்.

“அவன் இருக்கற எடத்தக் காட்டுவியா?” என்று தம்புசாமி கேட்டார். “வாங்க” என்று சொல்லிவிட்டு, இவளே போய் ஜீப்பில் ஏறினாள். செத்துப்போனவன் என்று சொல்ல வாயைத் திறக்கிறேன், சத்தம் வரவில்லை. மூன்று வருஷமாக அந்த வார்த்தையை நான் யாரிடமும் சொன்னதில்லை, மச்சான். சொல்லிப் பழக்கமில்லை.

என்னையும் பின்னால் ஏற்றிக்கொண்ட ஜீப் பழைய டிவிஷனில் நின்றது. யூனுஸ் பாய் எங்களை விட்டுப் போகமாட்டேன் என்று பஸ்ஸையும் பின்னாலேயே கொண்டுவந்துவிட்டார். போலீஸ்காரர்கள் குனிந்து, மரத்துக்கு மரம் பதுங்கி வந்தார்கள். மீனம்மா மட்டும் நடுவே, சந்தைக்குப் போகிறவளைப் போல நடந்தாள். செல் அரித்த பலகைக்கு முன்னால் போய் உட்கார்ந்து, முந்தானையில் முடிந்திருந்த சூடத்தை எடுத்தாள். பிறகு சார்ஜனை நிமிர்ந்து பார்த்து, “இவன்தான்யா” என்றாள்.

இதைத் தம்புசாமி மொழிபெயர்க்கவில்லை. சார்ஜன் பலகையைக் கொஞ்ச நேரம் பார்த்தார். பிறகு கையைக் காட்டி எல்லாரையும் துப்பாக்கியை இறக்கச் சொன்னார். தொப்பியைக் கழற்றிக் கக்கத்தில் வைத்துக்கொண்டார். அவள் பொட்டலங்களைப் பிரித்துப் படைத்தாள். வேலிக்குள் எங்களை அடைத்ததிலிருந்து அவனுக்குப் படையல் வைத்ததே இல்லை. வாசலில் பூவை விடுவார்கள், சூடத்தை விடுவார்கள், சோற்றை விடமாட்டார்கள். வெறுங்கையோடு வந்து வெறுங்கையோடு போய்க்கொண்டிருந்தோம்.

சூடம் அணைந்ததும் சார்ஜன் தம்புசாமியிடம் தாழ்ந்த குரலில் ஏதோ சொன்னார். தம்புசாமி தரையைப் பார்த்துக்கொண்டே, “இங்க வச்சிட்டுப் போவக் கூடாதாம்மா. உள்ள இருக்கறவங்க எடுத்துக்குவாங்க. சட்டம்” என்றார்.

“வச்சிட்டுப் போவல. அவன் சாப்புட்டுட்டான். இனிமே நீங்கல்லாம் சாப்புடுங்க” என்றாள் மீனம்மா.

பஸ் ஜனங்கள் இறங்கி வந்து வேர்களின்மேல் உட்கார்ந்தார்கள். அவள் ஒவ்வொரு கையிலும் கொஞ்சம் வைத்தாள். படைக்காமல் தனியாக எடுத்துவைத்த ஒரு பொட்டலத்தைச் சார்ஜனிடம் நீட்டி, “இது படைக்காதது. கைருதீன் கடைச் சோறு, நீங்க சாப்புடலாம்” என்றாள். அவர் அதை வாங்கி, யூனுஸ் பாயோடு பாதி பங்கிட்டு, நின்றபடியே சாப்பிட்டார். எனக்கும் ஒரு கவளம் கொடுத்தாள். வயிறு சரியில்லை என்று சொல்லலாமா என்று நினைத்தேன். சொல்லவில்லை. சாப்பிட்டேன். ஒன்றும் செய்யவில்லை. ஒரு பருக்கை மிச்சமில்லை என்று பார்த்துக்கொண்டபின் சார்ஜன் எங்களை ஜீப்பிலேயே வேலி வாசல்வரை கொண்டுவந்து விட்டார். அதைப் பார்த்த நாலு பேர்தான் தங்களுக்கு லாக்கப் என்று செய்தி அனுப்பியவர்கள்.

ஆகவே கவலைப்பட ஒன்றுமில்லை. மீனம்மா திடமாக இருக்கிறாள். வழக்கம்போல் சமைக்கிறாள், துவைக்கிறாள், பேச வேண்டியதைப் பேசுகிறாள். கடையைப் பூட்டிவிட்டு, ரோட்டுக்கு ரோடு சோதனை கொடுத்துக்கொண்டு தாங்கள் இவ்வளவு தூரம் வர அவசியமே இல்லை. நான் இருக்கிறேன், பார்த்துக்கொள்கிறேன்.

தங்கள் கடையில் வியாபாரம் தழைக்கட்டும், வீட்டில் பிள்ளைகள் சளி காய்ச்சல் இல்லாமல் இருக்கட்டும் என்று வேண்டிக்கொள்ளும்,

தங்கள் அன்புள்ள,
தங்கராஜு

பி.கு.: உறையை ஒட்டுவதற்கு முன் கடிதத்தை மீனம்மாவுக்குப் படித்துக் காட்டினேன். கருவாட்டைத் தட்டில் வைத்துக்கொண்டே கடைசிவரை கேட்டாள். “நல்லா இருக்கேன், வர வேணாம்னு எழுதுனீங்களா?” என்றாள். ஆமாம் என்றேன். “நல்லா இல்லன்னு எழுதுங்க. அண்ணன வரச் சொல்லுங்க” என்றாள். சொல்லிவிட்டு அப்படியே தரையில் உட்கார்ந்து அழுகிறாள், மச்சான். அவன் போனபிறகு இப்போதுதான் அழுகிறாள். மேலே எழுதியதைப் பொருட்படுத்த வேண்டாம். வாருங்கள்.