அறைவாங்கிக்குக் கிடைத்த அரை மணி

நான் சைகோனில் இருந்த பதினைந்து வருஷத்தில், அந்த ஊரில் எவன் கையை ஓங்கினாலும் அது போய் இறங்கிய கன்னம் எங்கள் அறைவாங்கி அண்ணனுடையதுதான். வம்புக்குப் போய் வாங்கியவை அல்ல; எல்லாம் மேடையில், ஊரே பார்க்க, தொழில் முறையில் வாங்கியவை. அத்தனை வாங்கியும் மனுஷனுக்கு ஒரு பல்கூட ஆடவில்லை. எந்தக் கோயிலில் வேண்டுமானாலும் சத்தியம் செய்கிறேன்.

காரைக்காலில் அவர் ராஜபார்ட் நடிகர். நாடகக் கம்பெனி படுத்துப்போனதும் கப்பலேறி வந்து, பெரிய மார்க்கெட்டுக்குப் பக்கத்தில் நான் குமாஸ்தாவாக இருந்த துணிக்கடையிலேயே துணி கிழிக்கிற வேலையில் சேர்ந்தார். அங்கேயே தூய் என்ற வியட்நாம் பெண்ணைக் கல்யாணமும் செய்துகொண்டார். உள்ளூர் நாடகங்களில் இந்தியன் ஒருவன் வேண்டுமென்றால் அவருக்குத்தான் ஆள் வரும். துணிக்காரன், பால்காரன், வாட்ச்மேன், எதுவானாலும் சரி, தலைப்பாகையோடு நுழைவார். கோணல்மாணலாக நாலு வார்த்தை பேசுவார். கதாநாயகன் பளாரென்று ஒன்று விடுவான். இவர் மூன்று புரள் புரண்டு விழுவார். ஜனம் கொல்லென்று சிரிக்கும். திரை. பத்து வருஷமாக இதே வேஷம்.

அதில் அவருக்கு வெட்கம் கிடையாது. பெருமை வேறு!

"அறைய எவன் வேணா அறைவான் தம்பி. வாங்கத்தான் வித்தை வேணும்," என்பார். அறையைத் தரம் பிரித்து வைத்திருந்தார். சத்தம் பெரிதாகக் கேட்டு வலி இல்லாமல் போனால் அது பட்டாசு அறை. சத்தமும் வராமல் வலியும் வராமல் போனால் பஞ்சு அறை. டிக்கெட் வாங்கினவனுக்குத் துரோகம். கொடுக்கிறவன் பெண்டாட்டியோடு சண்டை போட்டுவிட்டு வந்து கொடுத்தால் அது பாவி அறை. இதையெல்லாம் கடை நடுவில் விழுந்து காட்டுவார். பட்டுத்துணி பார்க்க வந்த அம்மாக்கள் செருப்பை விட்டுவிட்டு ஓடியிருக்கிறார்கள்.

பிறகு டெலிவிஷன் வந்தது. முதலில் நகரத்துக்கு மேலே சுற்றுகிற விமானத்திலிருந்துதான் படம் வரும். அண்ணன் நடித்த காட்சி வருகிற அன்று தெருவில் நின்று வானத்தைப் பார்த்துக் கும்பிடுவார். "நான் மேல சுத்திக்கிட்டு இருக்கேன்டா! பாரு, பாரு!" என்பார். தரையிலேயே நிலையம் வந்த பிறகு அவர் மார்க்கெட்டு கூடிப்போனது. வாரம் ஒரு அறை நிச்சயம். மேடையில் போலவே இங்கேயும் பெரும்பாலும் கொடுக்கிறவன் ஒரே ஆள்தான். எப்போதும் முகத்தில் அரை டப்பா மாவோடு திரிகிற அழகு நடிகன். அவனுக்கு நாங்கள் வைத்த பெயர் பவுடர்.

எல்லாம் அவர் மகள் மாலா பள்ளிக்கூடம் போகிறவரைக்கும்தான். எட்டு வயசு. டெலிவிஷனைப் பார்த்த பிள்ளைகள் 'துணிக்காரனை அறைகிற விளையாட்டு' என்று ஒன்றைக் கண்டுபிடித்தார்கள். துணிக்காரன் யார் என்று சொல்லவே வேண்டாம். தினமும் மாலாதான். ஒரு சாயங்காலம் சிவந்த கன்னத்தோடு வந்து கேட்டிருக்கிறாள்: "அப்பா, ஒரே ஒரு நாடகத்துலயாவது அடி வாங்காம வர மாட்டீங்களா?"

மறுநாள் அண்ணன் இரண்டு மீட்டர் கேட்டவருக்கு ஐந்து மீட்டர் கிழித்தார். எந்த அறைக்கும் கலங்காத மனுஷன் அன்றைக்குத்தான் கண்ணைத் துடைத்ததை நான் பார்த்தேன்.

"இனிமே எவன் எழுதுனதுலயும் நடிக்கிறதா இல்ல தம்பி. நானே எழுதப்போறேன். நானே தயாரிக்கப்போறேன். அறையே இல்லாத நாடகம். எம்பொண்ணு பாக்கணும், அவ கூட்டாளிங்களும் பாக்கணும்."

அன்றிலிருந்து சாப்பாட்டுத் தூக்கோடு நிலையத்து வாசலில் போய் உட்கார ஆரம்பித்தார். அதிகாரி வந்தால் பிரெஞ்சில் ஒரு வணக்கம், "போன்ழூர் மிசியே!" போனால் "போன்ழூர் மிசியே!" அந்த மனுஷனுக்கே அலுத்துப்போயிருக்க வேண்டும். ஒரு நாள் மத்தியானம் அண்ணன் மூச்சிரைக்கக் கடைக்குள் ஓடிவந்தார்.

"தம்பி! டெலிவிஷன்ல அரை குடுத்துட்டாங்கடா!"

நான் தலை நிமிரவில்லை. "எந்தக் கன்னத்துலண்ணே?"

"கன்னமில்லடா மடையா! அரை! அரை மணி நேரம்!"

உள்ளேயிருந்து முதலாளி பதறிக்கொண்டு வந்தார். "என்னது, அரை மணி நேரமா அறைஞ்சானா? அடப்பாவி! போலீசுக்குப் போக வேண்டியதுதானேய்யா!"

விஷயம் புரிய இன்னொரு அரை மணி ஆயிற்று.

எழுதுகிற வேலை என் தலையில் விழுந்தது. வியட்நாம் மொழிக்கும் பிரெஞ்சு எழுத்துதான். காரைக்கால் பள்ளிக்கூடத்தில் அடி வாங்கிக் கற்றது உதவியது. அண்ணன் துணிமூட்டைகளுக்கு நடுவே நடந்துகொண்டே சொல்வார், நான் எழுதுவேன், தூய் அண்ணி திருத்துவார். அந்தப் பாஷையில் ஒரே சொல்லை ஏற்றிச் சொன்னால் ஒன்று, இறக்கிச் சொன்னால் வேறொன்று. அண்ணன் உருகி உருகி "என் தாயே!" என்று ஒரு வசனம் சொன்னார். அண்ணி தலையில் அடித்துக்கொண்டார். அவர் சொன்ன ராகத்துக்கு அது "என் பேயே!"

"இந்தப் பாஷைக்கு வாத்தியார் ஆவாதுடா. ஆர்மோனியக்காரர்தான் வேணும்," என்றார் அண்ணன்.

முதல் பிரதியை வாசித்துப் பார்த்தால் இரண்டரை மணி நேரம் ஓடியது.

"எதை வெட்டலாம், சொல்லு," என்றார்.

"உங்க வசனத்தைண்ணே."

"அப்ப நாடகத்துல என்னடா மிச்சம் இருக்கும்?"

வெட்டினோம். கதை இதுதான்: அநாதைப் பெண்ணை வளர்க்கிற ஒரு துணிக்காரர். அவரை ஒரு பணக்காரப் பிள்ளை இளக்காரமாகப் பேசுகிறான். கடைசியில் தன் தவறு தெரிந்து அவர் முன்னால் தலை குனிகிறான். சுபம். பணக்காரப் பிள்ளையாகப் பவுடர். "பத்து வருஷம் என்னை அடிச்ச ஆளு குனிஞ்சாத்தான்டா ஜனம் நம்பும்," என்றார் அண்ணன். தயாரிப்பாளர் என்கிற முறையில் எங்கள் கடையைப் பாதி காலி செய்தார். மூட்டைகள், மீட்டர் கோல், முதலாளி உட்காருகிற நாற்காலி எல்லாம் நிலையத்துக்குப் போய்விட்டன. அந்த ஒரு வாரம் முதலாளி நின்றுகொண்டே வியாபாரம் பார்த்தார்.

வியாழக்கிழமை சாயங்காலம் ஏழு மணி. நேரடி ஒளிபரப்பு. கடை வாசலில் பெட்டியை எடுத்து வைத்தோம். தெருவே கூடிவிட்டது. மாலாவின் பள்ளிக்கூடத்துப் பிள்ளைகள் தரையில் வரிசையாக உட்கார்ந்தார்கள். மாலா புதுக் கவுன் போட்டு நடுவில் இருந்தாள். இரண்டு கையும் மடியில் இறுக்கிப் பிடித்திருந்தாள்.

நம்மூர் மேடையில், பொருள் உதவினவரை நடிகர் பாதிக் காட்சியில் நிறுத்தி வாழ்த்துவது வழக்கம் இல்லையா? அண்ணன் அதை அங்கேயும் விடவில்லை. அநாதைப் பெண் காய்ச்சலில் கிடக்கிறாள். இவர் அழுதுகொண்டே நாற்காலியில் உட்கார்ந்து, "இந்த நாற்காலியைக் கொடுத்த மகராசன் நல்லா இருக்கணும்!" என்று சொல்லிவிட்டு மறுபடி அழுதார். முதலாளி திரும்பி நின்று தெருவுக்கே வணக்கம் வைத்தார். மற்றபடி நாடகம் அருமையாகப் போனது. ஒரு பெண்மணி மூக்கைச் சிந்தினாள். எனக்கு நெஞ்சு நிமிர்ந்தது.

கடைசிக் காட்சி. பவுடர் நுழைந்தான். அண்ணன் தலைப்பாகையோடு எதிரே வந்து நின்றார். அவன் குனிய வேண்டும். பாவம், அவன்மேல் குற்றம் சொல்ல முடியாது. பத்து வருஷமாக அந்தத் தலைப்பாகையைக் கண்டால் தானாக எழும்புகிற கை, அன்றும் எழும்பிவிட்டது.

பளார்!

அண்ணனுக்கும் பழக்கம் விடுமா? மூன்று புரள். அதற்கு முன்னும் பின்னும் அவர் அவ்வளவு அழகாக விழுந்து நான் பார்த்ததில்லை. பிள்ளைகள் விழுந்து விழுந்து சிரித்தார்கள். மாலா மட்டும் இரண்டு கையாலும் முகத்தை மூடிக்கொண்டாள். 

பவுடர் தன் கையையே பார்த்துக்கொண்டு நின்றான். அவனுக்கு வசனம் மறந்துவிட்டது. அண்ணன் தரையில் கிடந்தார். அறைக்குப் பிறகு என்ன செய்வதென்று அவருக்குத் தெரியாது. பத்து வருஷத்தில் அறைக்குப் பிறகு அவருக்கு எவனும் வசனம் எழுதியதே இல்லை.

மெதுவாக எழுந்தார். கழன்று விழுந்த தலைப்பாகையை எடுக்கவில்லை. நேரே பவுடரிடம் போனார்.

"திருப்பி ஒண்ணு வைங்கண்ணே!" என்று பெட்டியைப் பார்த்துக் கத்தினேன். "விடாதே!" என்றார் முதலாளி.

அண்ணன் அவன் வலது கையைப் பிடித்தார். உள்ளங்கையைத் திருப்பிப் பார்த்து ஊதிவிட்டார். பிறகு தமிழில், சுத்தமான காரைக்கால் தமிழில் கேட்டார்:

"கை வலிக்குதா, தம்பி?"

பவுடருக்குத் தமிழில் ஒரு எழுத்து தெரியாது. ஆனாலும் குரல் புரிந்தது. அப்படியே குனிந்து அவர் கையில் முகத்தைப் புதைத்துக்கொண்டு அழுதான். மாவெல்லாம் கரைந்து வழிந்தது. அது நடிப்பு இல்லை.

 தெருவில் எல்லோரும் ஒரே நேரத்தில் கேட்டார்கள்: "என்ன சொன்னார்? அவர் என்ன சொன்னார்?" எங்களை யாரும் கேட்கவில்லை. எல்லாத் தலையும் மாலா பக்கம் திரும்பியது. அவள் மூக்கைத் துடைத்துக்கொண்டு எழுந்தாள். ஒரு முக்காலியின் மேல் ஏறி வியட்நாம் மொழியில் சொன்னாள். பின்னால் இருந்தவர்கள் கேட்கவில்லை என்றார்கள். இன்னும் உரக்கச் சொன்னாள்.

அண்ணன் சிக்லோ ரிக்‌ஷாவில் வந்து சேர்ந்தார். இருக்கையை விட்டு இறங்கவில்லை. "மண்ணாப்போச்சு தம்பி. அறையில்லாத நாடகம்னு எம்பொண்ணுக்கிட்ட சொன்னேனே, எந்த மூஞ்சிய வச்சிக்கிட்டு..."

முடிப்பதற்குள் மாலா ஓடிவந்து அவர் மடியில் ஏறிவிட்டாள். "அப்பா! எல்லாருக்கும் நான்தான் சொன்னேன்! அந்த ஒண்ண மட்டும் ஏன் தமிழ்ல எழுதினீங்க?"

அண்ணன் என்னைப் பார்த்தார். நான் தெருவிளக்கைப் பார்த்தேன்.

"நீ எடுத்துச் சொல்லணும்னுதாம்மா எழுதினேன்," என்றார்.

அதற்கப்புறம் மாதம் ஒரு அரை கிடைத்தது. எழுதினார், தயாரித்தார், ஆசை தீர மூன்று தடவை ராஜாவாகவும் வந்தார். எந்தத் துணிக்காரனையும் அடி வாங்க விடவில்லை. அண்ணன் போய்ச் சேர்ந்து வெகுகாலம் ஆகிறது. மாலா பிரான்சில் பேரப்பிள்ளைகளோடு இருக்கிறாள். போனில் பேசினால் அந்தப் பேச்சு வராமல் போகாது. "எங்கப்பா எனக்குன்னே எழுதின வசனம், சித்தப்பா," என்பாள். "ஆமாம்மா, உனக்குன்னே எழுதினதுதான்," என்பேன்.

அந்த நாடகத்தை வரிவரியாக என் கையால் எழுதியவன் நான். அந்த வரி அதில் இல்லை. மாலாவுக்குத் தமிழ் பேச வரும், படிக்க வராது. அந்தத் தைரியத்தில்தான் இங்கே எழுதியிருக்கிறேன். படிக்கிறவர்கள் தயவுசெய்து அவளிடம் சொல்லிவிடாதீர்கள்.