தோற்றால்தான் பெயர் மாறும்

படகு துடுப்பால் நகர்கிறது என்ற மூடநம்பிக்கையில் மனித குலம் நெடுங்காலம் மூழ்கிக் கிடந்தது. அதிலிருந்து அதைக் கைதூக்கிவிட்ட பெருமை எங்கள் வைடன்ஸே துடுப்புச் சங்கத்தையே சாரும். படகு நகர்வது பெயரால். இதை ஜெர்மனியிலேயே, ஆகவே உலகத்திலேயே, முதலில் கண்டறிந்தவர்கள் நாங்கள்தான். சங்கச் செயலாளர் என்ற முறையில் இதைப் பணிவுடன் பதிவு செய்கிறேன். என் குடும்பம் நான்கு தலைமுறையாகத் துணி வியாபாரம் செய்கிறது. துணியைவிட அதன்மேல் ஒட்டிய சீட்டுதான் விலைபோகும் என்பதைப் பால்குடி வயதிலேயே அறிந்தவன் நான்.

எங்களிடம் ஒரு சாம்பியன் இருந்தாள். கிளவ்டியா ப்ரோயர். ஒற்றையர் படகில் நாட்டுக்கே முதல். பகலில் வீடுகளுக்குக் கூரை ஓடு பதிக்கிறவள். செங்குத்தான கூரைமேல் பூனை மாதிரி நடப்பாள். விடியலில் ஏரியில் இறங்கினால் வாத்துகள் ஒதுங்கி வழிவிடும். இவ்வளவு திறமை இருந்தும் அவளிடம் ஒரு பெருங்குறை இருந்ததை நாங்கள் கவனிக்கவே இல்லை. அவள் பெயர்.

அந்தக் குளிர்காலத்தில் ஊரெங்கும் பெயர்ப்பொருள் காய்ச்சல் பரவியிருந்தது. எங்கள் தலைவர் ஹார்ட்முட் பிரிங்மன் அதற்கென்றே டாக்டர் அடல்பெர்ட் நோல்ட்டேயை வரவழைத்தார். "பெயர்ப்பொருள் ஆற்றல் வல்லுநர்." எதில் டாக்டர் என்று நாங்கள் கேட்கவில்லை. அவ்வளவு நீளமான கழுத்துத் துண்டு போட்ட மனிதரிடம் அப்படியெல்லாம் கேட்பது நாகரிகமில்லை.

படகுக் கொட்டகையில் செயற்குழு கூடியது. உருளைக்கிழங்கு சாலட் வந்தது, பீர் வந்தது, பிறகு உண்மை வந்தது.

"ஹார்ட்முட்! திண்ணிய உள்ளம்!" என்றார் டாக்டர்.

தலைவர் அந்தக் கணமே நிமிர்ந்து உட்கார்ந்தார்.

"எபர்ஹார்ட்! காட்டுப்பன்றியின் பலம்!"

எங்கள் பொருளாளர் எபர்ஹார்ட் முட்டைக்கோஸ் சாப்பிட்டாலே மூன்று நாள் படுத்துவிடுகிறவர். அவரும் அன்று முதல் கூட்டங்களில் லேசாக உறும ஆரம்பித்தார்.

"கிளவ்டியா..." டாக்டர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். சாவுச் செய்தி சொல்கிறவர்களுக்கே அந்தத் துடைப்பு வரும். "லத்தீன் சொல். விந்தி விந்தி நடப்பவள். சுருக்கமாச் சொன்னா, நொண்டி."

நாங்கள் முள்கரண்டிகளைக் கீழே வைத்தோம். கிளவ்டியா மட்டும் சாலட்டை மென்றுகொண்டிருந்தாள்.

"டாக்டர் ஐயா, படகு ஓட்டுறது உக்காந்துக்கிட்டுதான்" என்றாள்.

"நீ உக்காரலாம்மா. பெயர் உக்காராது."

"போன வருஷம் ஜெயிச்சேனே?"

"நொண்டிக்கிட்டே ஜெயிச்சிருக்க. நல்ல பெயரா இருந்திருந்தா எங்க போயிருப்பே, நெனச்சுப் பாரு."

"அதே முடிவுக்கோட்டுக்குத்தான் போயிருப்பேன். அதுக்கு அந்தாண்ட புல்லுதான் இருக்கு."

தலைவர் மேசையைத் தட்டினார். அவளுக்குச் 'சீக்லிண்டே' என்று பெயர் மாற்ற ஒருமனதாகத் தீர்மானித்தோம். ஜெர்மனில் 'சீக்' என்றால் வெற்றி; அது பெயரின் முன்னாலேயே நிற்கிறது. ஒருமனதாக என்றால் எங்கள் ஒரு மனது. அவள் மனதைக் கேட்கச் சங்க விதிகளில் இடமில்லை.

மறுநாள் தலைவரும் நானும் அவளைப் பெயர்ப் பதிவு அலுவலகத்துக்கு அழைத்துப் போனோம். அதிகாரி திருமதி வெசல் விண்ணப்பத்தை முன்னும் பின்னும் பார்த்தார்.

"முதல் பெயரை மாத்தணும்னா தக்க காரணம் வேணும். இந்தப் பேரால இவங்களுக்கு என்ன கெடுதல் வந்துச்சு?"

"நொண்டின்னு அர்த்தம்மா!" என்றார் தலைவர்.

"அர்த்தம் இருக்கட்டும். கெடுதல் எங்க? பந்தயத்துல தோத்தாங்களா?"

"இதுவரைக்கும் இல்ல."

"விழுந்தாங்களா?"

"கூரைமேல இருந்தே விழல" என்றாள் கிளவ்டியா.

"அப்ப பேரு நல்லா வேலை செய்யுது. கெட்டுப்போனதுக்குச் சான்று கொண்டாங்க, மாத்தித் தர்றேன். அடுத்தவங்க வாங்க!"

இந்த இடத்தில்தான் எங்கள் தலைவரின் மேதைமை ஒளிர்ந்தது. சாதாரணத் தலைவராக இருந்தால் வீட்டுக்குப் போயிருப்பார். அவர் வாசற்படியிலேயே நின்று தீர்வைக் கண்டார்.

"கிளவ்டியா, வசந்த காலப் பந்தயத்துல நீ தோக்கணும்."

"என்னது?"

"ஒரு தடவதான். பேரால தோத்தேன்னு எழுதி வாங்கிட்டா, சீக்லிண்டேவா மாறி தேசியப் போட்டியில ஜெயிச்சுக்கலாம்."

"தலைவரே, கிளவ்டியாவாவே ஜெயிச்சுட்டுப் போறேனே."

"நொண்டிங்கற பேர்ல சங்கம் யாரையும் அனுப்பாது."

அவள் முகம் அப்போதுதான் மாறியது. தேசியப் போட்டிக்கு ஒருவரின் பெயரைச் சங்கம்தான் அனுப்ப முடியும். சங்கம் அனுப்பாவிட்டால், அவள் பனியிலும் மழையிலும் இழுத்த இழுப்பெல்லாம் வாத்துகளோடு போய்விடும். பட்டத்தைக் காக்க வேண்டுமானால் பந்தயத்தைத் தோற்க வேண்டும். இத்தனை தெளிவான கொள்கையை வேறெந்தச் சங்கத்திலும் நான் கண்டதில்லை.

பந்தய நாள் வந்தது. கரையில் பித்தளை வாத்தியக் கோஷ்டி, வறுத்த தொத்திறைச்சி, கடுகுச் சாந்து. எங்கள் பக்கம் படகுக்காரரை வாழ்த்தும்போது "துடுப்பு முறியட்டும்!" என்போம். கண்பட்டுவிடக் கூடாது என்று தலைகீழாகச் சொல்வது வழக்கம். தலைவர் அன்றுதான் முதன்முறையாக அதை மனப்பூர்வமாகச் சொன்னார்.

அன்று இரண்டே படகுகள். எதிரே இருந்தவள் அக்கரைச் சங்கத்துப் பவுலா ஃபிங்க், ஆறடி உயரம். துப்பாக்கி வெடித்தது. இரண்டு படகும் அசையவில்லை.

துடுப்புக்காரர்கள் முடிவுக்கோட்டுக்கு முதுகு காட்டி உட்காருகிறவர்கள். முந்துகிறவளின் கண்ணுக்குப் பிந்துகிறவள் தெரிவாள். தோற்கிறவளுக்குத் தண்ணீர் மட்டும் தெரியும். கிளவ்டியா தண்ணீரை மட்டும் பார்க்கப் பாடுபட்டாள். ஒரு இழுப்பு இழுத்துவிட்டு மூக்கைச் சொறிந்தாள். அப்படியும் பவுலா அவள் கண்ணெதிரே வந்து நின்றாள்.

தண்ணீரில் பேச்சு நன்றாகக் கேட்கும். நான் நடுவரின் விசைப்படகில் இருந்தேன்.

"ஏய் பவுலா, முன்னாடி போயேன்டி!"

"நீ போ. நான் இன்னிக்குத் தோக்கணும்."

"நீயுமா? எதுக்கு?"

"பவுலான்னா சின்னவளாம். நோல்ட்டேன்னு ஒரு டாக்டர் வந்து சொன்னாரு. பேர் மாத்தச் சான்று வேணுமாம்."

"நீளமாக் கழுத்துத் துண்டு போட்டிருப்பாரே, அவரா?"

"அவரேதான்! உங்க பக்கமும் வந்தாரா?"

இருவரும் துடுப்பை மடியில் வைத்துக்கொண்டு சிரித்தார்கள். காற்று இரண்டு படகையும் சரிசமமாகத் தள்ளியது. ஒரு வாத்துக் குடும்பம் இருவரையும் முந்தியது. வாத்தியக் கோஷ்டி தனக்குத் தெரிந்ததையெல்லாம் வாசித்து முடித்து மறுபடி ஆரம்பித்தது. கரையில் எங்கள் தலைவர், பசுவைத் தடவிக் கொடுப்பதுபோல் இரு கைகளாலும் காற்றை அமுக்கி, "மெதுவா, இன்னும் மெதுவா" என்று சைகை செய்துகொண்டிருந்தார். அவருக்குப் பக்கத்தில் அக்கரைத் தலைவரும் அதே சைகை.

கிளவ்டியா அந்த நான்கு கைகளையும் பார்த்தாள். சிரிப்பு நின்றது.

"பவுலா, மன்னிச்சுக்கடி. எனக்கு இது வராது."

"வரலன்னா போ. எனக்கும் வரலதான், ஆனா நாங்க தலைவர் பேச்சைக் கேக்குற ஊரு."

அதற்குப் பிறகு நான் கண்டது நுரை மட்டும்தான்.

அன்று மாலைச் செயற்குழு, வெற்றி பெற்ற குற்றத்துக்காக அவளுக்குக் கண்டனம் தெரிவித்தது. தேசியப் போட்டிக்குப் பெயர் அனுப்புவதில்லை என்றும் முடிவாயிற்று. கிளவ்டியா கதவோரம் நின்று கேட்டாள்.

"நான் தோத்தா என்னைத் திட்டுங்க. ஜெயிச்சதுக்குத் திட்டுறீங்களே, வெக்கமா இல்லையா?"

"திண்ணிய உள்ளத்துக்கு வெட்கம் கிடையாது" என்றார் தலைவர். உண்மையைச் சொல்லத் தயங்காதவர்.

காரியத்தைக் காப்பாற்றியது அடுத்த வாரம் நான் கொண்டுவந்த செய்தி. பவுலா தன் தோல்விச் சான்றுடன் பெயர் மாற்றத்துக்கு விண்ணப்பித்திருந்தாள். பழைய பெயர் ரத்தாகிவிட்டது, புதிய பெயர் இன்னும் வந்து சேரவில்லை. ஆகவே எந்தப் பெயரிலும் அவளால் போட்டியிட முடியாது.

"அப்போ அக்கரையில இருந்து யாரும் போகலையா?" தலைவரின் காது சிவந்தது. "ஒருத்தருமேவா?"

"ஒருத்தரும் இல்லை."

"எபர்ஹார்ட், பேனாவை எடு!"

அக்கரைக்காரன் வயிறெரிய வேண்டும் என்ற உன்னத நோக்கத்தின் முன் லத்தீன் மொழி அடிபணிந்தது. கிளவ்டியாவின் பெயர் போனது. கிளவ்டியாவும் போனாள். இரண்டு படகு நீளத்தில் ஜெயித்துப் பட்டத்தைத் திரும்பக் கொண்டுவந்தாள்.

வரவேற்பு விழாவைப் படகுத்துறையில் வைத்தோம். பவுலாவும் தன் படகில் வந்திருந்தாள், இன்னும் பெயரில்லாமல். தலைவர் பேசினார். இது சங்கத்தின் பெயர்க்கொள்கைக்குக் கிடைத்த வெற்றி என்றார். டாக்டரோ, தன் ஆராய்ச்சி கொடுத்த அதிர்ச்சிதான் படகை உந்தியது என்றார். எபர்ஹார்ட் ஆமோதித்து உறுமினார்.

கிளவ்டியா ஒலிபெருக்கியை வாங்கினாள்.

"எட்டுப் பேர் படகு ஜெயிச்சா, துடுப்பே போடாம உக்காந்து வழி சொல்லிக்கிட்டு வந்தவருக்கு நம்ம ஊர்ல ஒரு மரியாதை செய்வோம். என் படகுல அப்படி யாரும் இல்ல. அதான் கேக்குறேன், இந்த வருஷம் எனக்கு வழி சொன்னது யாரு?"

பத்திரிகைக்காரர் கேமராவைத் தூக்கினார். செயற்குழு முழுவதும் கை தூக்கியது. டாக்டர் இரண்டு கையையும் தூக்கினார். நான் தூக்கவில்லை. துணிக்கடையில் வளர்ந்தவன் விலை தெரியாமல் கை தூக்க மாட்டான்.

அந்த மரியாதை என்னவென்று அவர்களுக்கு நினைவு வந்தபோது கிளவ்டியா கால்களையும் பவுலா தோள்களையும் பிடித்திருந்தார்கள். ஒவ்வொருவராக ஏரிக்குள் போனார்கள். வழிகாட்டியைத் தண்ணீரில் எறிவது எங்கள் பக்கத்து ஆகப்பெரிய கௌரவம். மறுத்தால் அநாகரிகம்.

துறையின் அந்த முனையில் ஏணி கிடையாது. ஆழம் உண்டு, பாசி உண்டு. திண்ணிய உள்ளம் தத்தளித்தது. காட்டுப்பன்றியின் பலம் கழுத்துத் துண்டைப் பிடித்துத் தொங்கியது. சீக்லிண்டே என்று ஒருவரும் கூப்பிடவில்லை. எல்லோரும் ஒரே குரலில், எந்தக் கூட்டத்திலும் இல்லாத ஒருமனதுடன், "கிளவ்டியா! கிளவ்டியா!" என்று அலறினார்கள்.

அவள் மேலே மரப்பலகையில் உட்கார்ந்து காலை ஆட்டிக்கொண்டு பீரை ஒரு வாய் குடித்தாள்.

"இருங்கய்யா, வர்றேன். நொண்டியாச்சே, கொஞ்சம் நேரமாகும்."