டம்ப்ளிங் வழித் துயர்நீக்கம்

மனிதனின் துக்கத்தைப் போக்கச் சமயங்கள் முயன்றன, மருத்துவம் முயன்றது, காலமும் தன்னால் ஆனதைச் செய்து பார்த்தது. வென்றது எங்கள் அலுவலகத்தின் 'மகிழ்ச்சிப் பிரிவு'தான். அதுவும் பன்றி இறைச்சியைக் கொண்டு.

போன வருடம் என் மனைவி இறந்தாள். அலுவலகம் துடித்துப்போனது. துடித்த வேகத்தில், நான் வரைந்துகொண்டிருந்த குழாய் வரைபடங்களை எல்லாம் 'கருணை அடிப்படையில்' பிடுங்கிக்கொண்டது. அன்றிலிருந்து காலி மேசையில் உட்கார்ந்து துக்கப்படுவதே என் பணி. எனக்கு வரைபடங்கள் திரும்ப வேண்டும். வேலை இல்லாத நேரத்தில் யோசனை வருகிறது. எனக்கு அது ஒத்துக்கொள்ளவில்லை.

விதி எளிது. நான் மனம்விட்டுச் சிரிக்கும் படம் ஒன்று இயக்குநருக்குப் போனால், பழைய பணி தானாகத் திரும்பிவிடும். அந்தச் சிரிப்பை வரவழைக்கத்தான் மகிழ்ச்சிப் பிரிவின் தலைவரும் உதவியாளரும் (பிரிவே அவ்வளவுதான்) ஞாயிற்றுக்கிழமை என் வீட்டுக்கு எழுந்தருளினார்கள். திட்டத்தின் பெயர் 'விரல் வழி ஆறுதல்'. சீனர்களின் கொழுக்கட்டையான டம்ப்ளிங் செய்ய வேண்டும்.

மாவு பிசைந்தது, கொத்திய இறைச்சியில் இஞ்சியும் வெங்காயத்தாளும் சோயா சாஸும் கலந்தது, மாவை வட்டம் வட்டமாகத் தேய்த்தது எல்லாம் என் அக்கா. உள்ளே இறைச்சியை வைத்து மடிப்பு மடிப்பாக மூடியது நான். தலைவர் தொட்டுக்கொள்ளும் சாஸின் தரத்தைக் கண்காணித்தார். சோயாவும் வினிகரும் பூண்டும் மிளகாய் எண்ணெயும் கலந்த கிண்ணத்துக்குள் அவர் விரல் போய்ப் போய் வந்ததில், கண்காணிக்க அதிகம் மிஞ்சவில்லை.

டம்ப்ளிங்குகள் ஆவியில் ஏறின. தலைவர் உடனே மூடியைத் திறந்தார்.

"என்ன நிலவரம்?"

"இப்பத்தானே சார் வச்சேன்!" என்றாள் அக்கா. "மூடுங்க, ஆவி போயிடும்."

மூடினார். திறந்தார்.

"சார்!"

"கண்காணிக்காம எதுவும் வேகாதும்மா. தம்பியையே எடுத்துக்குங்க. ஒரு வருஷமா மணிக்கொரு தடவை 'இப்ப எப்படி இருக்கு'ன்னு கேட்டுட்டே இருக்கோம்."

"அதான் அவனும் இன்னும் வேகல."

உதவியாளர் கைபேசியை என் முகத்துக்கு நேராகப் பிடித்தபடி, "சந்தோஷமா எதையாவது நினைச்சுக்குங்க சார்" என்றார். நான் குழாய்களை நினைத்துக்கொண்டேன்.

தலைவர் மறுபடி திறந்தார். இம்முறை தலையையே உள்ளே விட்டார். மூக்குக்கண்ணாடியில் ஆவி படிந்து கண் தெரியாமல் போனது. "துணி, துணி" என்று மேடையைத் துழாவினார். கைக்கு மெத்தென்று ஒன்று அகப்பட்டது. அக்கா தேய்த்து வைத்திருந்த மாவு வட்டம். அதை எடுத்து இரண்டு கண்ணாடியையும் அக்கறையாகத் துடைத்தார், மாட்டிக்கொண்டார், "யாரும்மா விளக்கை அணைச்சது?" என்றார்.

சிரித்துவிட்டேன். வயிறு வலிக்கும்வரை. அக்காவும் சிரித்தாள். பிறகு அந்தப் பக்கம் திரும்பிக் கண்ணைத் துடைத்துக்கொண்டாள்.

"படம் வந்துச்சா?" என்று கேட்டேன்.

உதவியாளர் கைபேசியைப் பார்த்தார். தலைவரைப் பார்த்தார். "ஆவி அடிச்சிடுச்சு சார். சரியா வரல."

"எங்க, காட்டுங்க." அக்கா அதைப் பறித்தாள். "பளிச்சுனு இருக்கே! பல்லைக்கூட எண்ணலாம். இயக்குநருக்கு அனுப்பிட வேண்டியதுதானே?"

"ஐயோ, வேண்டாம்மா!" தலைவர் மாவு படிந்த கண்ணாடியைக் கழற்றினார். குரல் இறங்கியது. "ஆபீஸ்லயே சோகமா இருக்கறது தம்பி ஒருத்தர்தான். இவரும் சிரிச்சிட்டா எங்க பிரிவை இழுத்து மூடிடுவாங்க. இன்னும் கொஞ்ச நாள்... எங்களுக்காகப் பொறுத்துக்கக் கூடாதா?"

அக்கா படத்தை அனுப்பினாள். பிறகு பாத்திரத்தை மூடினாள். "உட்காருங்க ரெண்டு பேரும். வெந்ததும் சாப்பிட்டுட்டுப் போகலாம்."

யாரும் திறக்காததால் டம்ப்ளிங் அருமையாக வெந்தது. திங்கட்கிழமை காலையில் என் மேசைமேல் குழாய் வரைபடங்கள் குவிந்திருந்தன.

மகிழ்ச்சிப் பிரிவை நான் ஒருநாளும் குறை சொல்லமாட்டேன். என் மனைவி இறந்ததில் அந்த அலுவலகத்தில் ஒரு வருடம் இரண்டு பேருக்கு வேலை இருந்தது. எனக்குத்தான் இல்லை.