தையல் வகுப்புக்குப் போன சவுந்தரம்

பரளச்சி,
1944, மாசி மாதம், செவ்வாய்க்கிழமை.

கர்த்தருக்குள் பிரியமான மைத்துனர் தாவீதுராஜ் அவர்களுக்கு, உங்கள் தங்கை சவுந்தரத்தின் கணவன் ஞானையா வணக்கத்துடன் எழுதிக்கொண்டது. இவ்விடம் நானும் மாடுகளும் தேவ கிருபையால் சுகம். மல்லாங்கிணற்றில் நீங்களும் அக்காளும் பிள்ளைகளும் சுகமாயிருக்க ஜெபிக்கிறேன். உங்கள் தங்கையும் சுகமாக இருப்பதாகவே நினைக்கிறேன். நினைக்கிறேன் என்று எழுதுவதற்குக் காரணம், அவளைப் பார்த்துச் சில நாளாகிறது. பயப்பட வேண்டாம், அவள் வீட்டில்தான் இருக்கிறாள்.

எப்படிச் சொல்வதென்று தெரியாததால் முதலிலிருந்தே சொல்லிவிடுகிறேன். நாங்கள் பருத்தி போட்டு வைக்கும் கிட்டங்கியில் பாதியைப் போன ஐப்பசியில் தனுஷ்கோடி என்பவருக்கு விட்டேன். ரங்கூனில் குண்டு விழுந்தபோது நடந்தே ஊர் வந்து சேர்ந்தவர்களில் ஒருவர். மெலிந்த ஆள், பேசினால் பக்கத்தில் இருப்பவருக்கே பாதிதான் கேட்கும். "தையல் வகுப்பு நடத்தப் போறேன்யா, ஆம்பள பொம்பள யாரும் வரலாம்" என்றார். யுத்த காலத்தில் ஒரு முழம் துணி கண்ணில் படாத ஊரில் எதைத் தைப்பார்கள் என்று எனக்கு அப்போது தோன்றவில்லை. சவுந்தரமும் சேர்ந்தாள். தினம் மத்தியானம் கம்பங்கூழைக் கரைத்து மூடி வைத்துவிட்டுப் போய்விடுவாள். மாதங்கள் போயின, என் சட்டைப் பொத்தான் அறுந்தது அறுந்தபடியே இருந்தது. கேட்டால், "அந்தப் பாடம் இன்னும் வரலைங்க" என்பாள். அதோடு விட்டிருப்பேன். ஆனால் அவளோடு படிக்கிற மாயக்காள் ஒரு நாள் கண்மாய்க்குள் வெடித்த மண்ணில் காதை வைத்துக் குப்புறப் படுத்திருந்தாள். என்ன தாயி செய்கிறாய் என்றேன். "அடியில தண்ணி எங்கிட்டுப் போகுதுன்னு கேக்குறேண்ணே, கொஞ்சம் பேசாம இருங்க" என்றாள். தையலில் இது எந்தப் பாடம் என்று பார்க்கப் போன வாரம் கிட்டங்கிக் கதவைத் தள்ளிக்கொண்டு உள்ளே போனேன்.

உள்ளே ஊசியும் இல்லை, நூலும் இல்லை. ஊர்க்காரர்கள் வரிசையாக உட்கார்ந்திருந்தார்கள். ஆடு மேய்க்கிற பால்ச்சாமி ஒரு செம்மறியோடு முகத்துக்கு முகம் பார்த்து என்னவோ முணுமுணுக்க, அது தலையை ஆட்டி மறுத்துக்கொண்டிருந்தது. சவுந்தரம் பருத்திக் குவியல் மேல் கண்மூடி உட்கார்ந்திருந்தாள். இடுப்புக்குக் கீழே அவள் இல்லை மச்சான், பருத்திதான் தெரிந்தது. நான் போட்ட கூச்சலில் கண்ணைத் திறந்து, "ஏங்க, சத்தம் போடாதீங்க, பாதியில நிக்குதுல்ல" என்று என்னையே அதட்டுகிறாள்! தனுஷ்கோடி எழுந்து வந்து கைகூப்பினார். அது மறைகலைச் சாலையாம். அழிந்துபோன வித்தைகளும் ஆகாது என்று தடுக்கப்பட்ட வித்தைகளும் அங்கே பாடமாம். சவுந்தரம் படிப்பது இருந்துகொண்டே இல்லாமல் போகும் வித்தையாம். நான் சபை மூப்பன், இது பாவமில்லையா என்றேன். "சாமிமாரு தடுக்கலய்யா, ராசாக்கதான் தடுத்தாக. வரி வாங்க வாரவன் கண்ணுக்கு ஊரே தெரியாமப் போச்சுன்னா அவுக எப்படிப் பொழைக்கிறது?" என்றார். அதற்குப் பதில் யோசித்துக்கொண்டிருக்கும்போதே வெளியே கார்ச் சத்தம். யுத்தத்துக்கென்று வீடு வீடாகத் தானியம் எடுக்கிற கொள்முதல் அதிகாரி!

கூட்டம் கூடியிருப்பதைப் பார்த்தால் சர்க்காருக்கு விரோதமான கூட்டம் என்று அத்தனை பேரையும் அள்ளிக்கொண்டு போவார்கள். திரும்பிப் பார்க்கிறேன், தனுஷ்கோடி ஒரு விரலை உதட்டில் வைத்தார், அந்த விரல் மறைந்தது, பிறகு அவர் மறைந்தார். வரிசை முழுவதும் விளக்கு அணைகிற மாதிரி ஒவ்வொருவராக இல்லாமல் போனார்கள். கடைசியாகச் சவுந்தரத்தின் முகம் மட்டும் நின்றது, என்னைப் பார்த்தது, அதுவும் போயிற்று. ஆட்டுக்கு அந்தப் பாடம் நடத்தவில்லை போலும், அது மட்டும் நின்றது.

அதிகாரி வந்தார். கூடவே நீளக் குத்தூசியோடு ஒரு சேவகன், மூட்டைக்குள் குத்தித் தானியம் எடுத்துப் பார்ப்பார்களே, அதுதான். "இங்கே ரகசியமாக ஆட்கள் கூடுகிறார்களாமே?" என்றார் அதிகாரி. "நானும் இந்த ஆடுந்தாங்கய்யா" என்றேன். யார் மடியில் கால் வைக்கிறோமோ என்று நான் எட்டி எட்டி நடந்ததைப் பார்த்து, "காலில் என்ன?" என்றார். வாதம் என்றேன். அவர் பார்வை பருத்திக் குவியலில் போய் நின்றது. "அதற்குள் தானியம் இருக்கும், குத்திப் பார்" என்றார்.

மச்சான், அந்தக் குத்தூசியைச் சேவகன் ஓங்கினான். அவள் அங்கேயே இருக்கிறாளா, நகர்ந்துவிட்டாளா, எனக்கு எப்படித் தெரியும்? பாய்ந்து குவியல் மேல் விழுந்து கையை விரித்துக்கொண்டேன். என் கைக்கடியில் ஒரு தோள் நடுங்கியது. "குத்தாதீகய்யா! உள்ள பாம்பு இருக்கு!" என்று கத்தினேன். "பாம்பு இருக்கிற இடத்தில் நீ ஏன் படுத்திருக்கிறாய்?" என்றார் அதிகாரி. "என்னைய அதுக்குத் தெரியும்யா" என்றேன். வேறென்ன சொல்வது? அவர் முகம் சிவந்தது. "அவனை இழுத்துப் போட்டுவிட்டுக் குத்து" என்றார். சேவகன் என் காலைப் பிடித்தான். அந்த நேரம் பார்த்துப் பஞ்சு மூக்கில் ஏற, உங்கள் தங்கை தும்மினாள். அவள் தும்மல் எப்படியென்று உங்களுக்கே தெரியும், உங்கள் வீட்டுக் கோழியெல்லாம் சிதறி ஓடுமே, அந்தத் தும்மல். "அய்யா, பாம்பு தும்முதுய்யா!" என்று அலறிக் குத்தூசியைப் போட்டுவிட்டு ஓடினான் சேவகன். அதிகாரி நின்று பார்த்தார். இரண்டாம் தும்மலுக்கு அவரும் நிற்கவில்லை. கார் போன புழுதி அடங்க வெகுநேரமாயிற்று.

பிறகு எல்லோரும் தெரிந்தார்கள். சவுந்தரம் மட்டும் தெரியவில்லை. குவியலைத் தடவினேன், தோளும் இல்லை. தனுஷ்கோடியின் சட்டையைப் பிடித்து உலுக்கினேன். "அவுகளா மனசு வச்சு வரணும்யா. நான் இழுக்க முடியாது. கூடப்பெறந்தவுக கொரல் கேட்டா ஒருவேளை வரலாம்" என்றார். வீட்டுக்கு வந்தேன். அடுப்பு எரிந்துகொண்டிருந்தது. அன்றுமுதல் இப்படித்தான் நடக்கிறது, கூழ் வருகிறது, பாத்திரம் கழுவப்படுகிறது, ஆளைக் காணோம். ஞாயிற்றுக்கிழமை ஆலயத்தில் பெண்கள் பக்கம் காலிப்பாயிலிருந்து அவள் குரல் பாடியது, போதகர் என்னைப் பார்த்த பார்வையில் என் வியர்வை பாய்க்கு இறங்கிவிட்டது. வெறும் சுவரைப் பார்த்து, "சவுந்தரம், எங்க இருக்க? நீ இல்லாம எனக்கு ஏலலடி" என்று மாட்டுக்குக் கேட்காமல் மெதுவாகச் சொல்லிக்கொண்டு திரிகிறேன். ஆகவே, இதைக் கண்டதும் கரியில் ஓடுகிற பஸ் எது கிடைத்தாலும் ஏறி வந்து, சிறுவயதில் அவளை எப்படிக் கூப்பிடுவீர்களோ அப்படிக் கூப்பிட்டு என் மனைவியைக் கண்ணுக்குக் கொண்டுவரும்படி உங்கள் காலைத் தொட்டுக் கேட்கிறேன். வெளியில் யாரிடமும் மூச்சு விட வேண்டாம்.

கர்த்தர் உங்கள் வாசலையும் வயலையும் காப்பாராக. அக்காளுக்கு என் வணக்கம், பிள்ளைகளுக்கு முத்தங்கள்.

இப்படிக்கு,
கண்ணிருந்தும் காணாத,
ஞானையா.

பி.கு.: மச்சான், வர வேண்டாம். மூன்று நாளைக்கு முன் மேலே கையெழுத்துப் போட்டுக்கொண்டிருக்கும்போதே தோளுக்குப் பின்னால் மூக்கை உறிஞ்சும் சத்தம் கேட்டுத் திரும்பினேன், முழுசாக நிற்கிறாள். நினைத்திருந்தால் எப்போதோ வந்திருப்பாளாம். "கலியாணமான நாள்லேர்ந்து நீங்க என்னையத் தேடினதே இல்ல. ஒரு தடவ தேடட்டும்னு இருந்தேன்" என்கிறாள். இனி அவளும் என்னைத் தேடட்டும் என்று தனுஷ்கோடியிடம் நானும் சேர்ந்துவிட்டேன், ஒரு காது இப்போதே மறைந்து மறைந்து வருகிறது. அப்படியும் நீங்கள் புறப்பட்டு வந்துவிட்டால், வீட்டில் ஆளில்லை என்று திரும்பிப் போய்விடாதீர்கள். பாயில் உட்காருங்கள், காப்பி வரும்.