சோத்துக்கைப் பக்கம்

"ஷிப்ட்!" என்று யோகலிங்கம் தொண்டை கிழியக் கத்தினார். லண்டன் மனோர் பார்க் அணியின் ஐந்து பேரும் வலப்பக்கம் பாய்ந்தார்கள். எதிரணியும் அதே பக்கம் பாய்ந்தது.

இது அமெரிக்கன் ஃபுட்போலில் இடித்து விழுத்தாத வகை. பந்தோடு ஓடுகிறவரின் இடுப்பு நாடாவை எதிராளி உருவிவிட்டால் ஓட்டம் முடிந்தது. பயிற்றுநர் யோகலிங்கம் நூறு வருடப் பழைய வித்தை ஒன்றை வீடியோவில் படித்திருந்தார். 'T' எழுத்துப்போல நின்று, குரல் கேட்டதும் எல்லோரும் ஒரு பக்கம் மாறி, எதிராளி முழிக்கும்போது பந்தோடு பாய வேண்டும். முழிக்கத்தான் ஆள் கிடைக்கவில்லை.

வீட்டில் மனைவி தவநாயகி தெளிவாகச் சொல்லியிருந்தாள். "இண்டைக்கும் தோத்தா, இனி ஞாயிறுகளில கடையில நிக்கிறியள். சரியோ?"

அணி இதுவரை ஒரு ஆட்டமும் வென்றதில்லை.

"அண்ணை, இங்கிலீசில கத்தினா அவைக்கும் விளங்கும்தானே?" என்றாள் கௌசி.

"அப்ப தமிழில கத்துறன். 'வலம்' எண்டா வலப்பக்கம்."

"வலம்!"

கௌசி மற்ற நாலு பேரையும் பக்தியோடு ஒரு சுற்றுச் சுற்றி வந்து நின்றாள். நடுவர் விசில் ஊதினார்.

"கோயில்ல வலம் வாறது அப்பிடித்தானே அண்ணை?"

"ஐயோ பிள்ளை! சரி, இனி 'சோத்துக்கை'. அது எல்லாருக்கும் தெரியும்."

"சோத்துக்கைப் பக்கம்!"

நாலு பேர் வலப்பக்கம் பாய, லோகன் இடப்பக்கம் பாய்ந்து தர்சிகனின் நெற்றியில் மோதினான். லோகன் சோறு தின்பது இடக்கையால் என்பது அப்போதுதான் யோகலிங்கத்துக்கு நினைவு வந்தது. எதிரணியின் கட்டைமுடிப் பெண்ணோ சரியாக வலப்பக்கம் வந்து நின்று நாடாவை உருவினாள்.

"அந்த ஸ்பானியப் பிள்ளைக்குக் கண் சரியான கூர்மை" என்று பொருமினார்.

கடைசி வாய்ப்பு, புள்ளிகளோ சமம்.

"முருகன் கோயில் எந்தப் பக்கம்?"

ஐந்து கைகள் ஒரே திசையைக் காட்டின.

"அப்பாடா! 'அரோகரா' எண்டு கத்துவன். கோயில் பக்கம் பாயுங்கோ."

"அரோகரா!"

பாய்ந்தார்கள். பந்து எப்படியோ லோகனிடம் வந்தது. யோகலிங்கத்துக்கு வாய் நிற்கவில்லை.

"அரோகரா! அரோகரா!"

பழக்கதோஷம், எல்லோருடைய கைகளும் தலைக்கு மேலே போயின. லோகன் பந்தைப் பால்குடம்போல உச்சியில் ஏந்தி ஓடினான். எதிரே கட்டைமுடிக்காரி ஒருத்திதான். அவளும் இரண்டு கைகளையும் உயரத் தூக்கினாள், பந்துக்கு எட்டுகிறாளாக்கும். இடுப்பு நாடா காற்றில் ஆட, லோகன் அவளைத் தாண்டிக் கோட்டைக் கடந்தான்.

வெற்றி! ஞாயிற்றுக்கிழமைகள் தப்பின. யோகலிங்கம் கண் கலங்கியபடி போய் அவளுக்குக் கை கொடுத்தார். "குட் கேம்! யூ வெரி குட்!"

"போங்கோ அங்கிள், காலமை தொடக்கம் நீங்கள் கத்தினதெல்லாம் எனக்கு விளங்கிச்சுது, ஆனா அரோகரா எண்டு கேட்டாப் பிறகு கை கீழ நிக்குமே?"